மதிப்பூதியம் கேட்டால் மரியாதை குறையுமா?



கொஞ்சம் நீளமான பதிவு. காபி போட்டுக்கொண்டு உட்கார்ந்து படியுங்கள். வகுப்பில் நாற்பத்தைந்து நிமிடம் என்னைச் சகித்துக்கொண்டவர்கள்தானே நீங்கள்!

போன ஞாயிற்றுக்கிழமை பழைய மாணவர் ஒருவர் போன் செய்தார். பத்தாம் வகுப்பில் என்னிடம் வரலாறு படித்தவர். இப்போது ஓர் அரசுக் கல்லூரியில் கௌரவ விரிவுரையாளர். நலம் விசாரித்து முடிந்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“சார், நாலு மாசமா மதிப்பூதியம் வரல. ஆபீஸ்ல கேட்டா ஃபண்ட் வரலங்கறாங்க. கூட இருக்கிறவங்க கோர்ட்டுக்குப் போகலாம்னு சொல்றாங்க. எனக்குத்தான் ஒரு மாதிரியா இருக்கு. பாடம் நடத்துற ஆளு காசுக்காகக் கோர்ட் வாசப்படி ஏறினா நல்லாவா இருக்கும்? நீங்க சொல்லுங்க சார்.”

இரண்டு நாள் டைம் கொடுப்பா என்றேன். ஏனென்றால் இதே கேள்விக்கு என் வாழ்க்கையில் இரண்டு முறை தவறான பதில் சொன்னவன் நான். மூன்றாவது முறையாவது சரியாகச் சொல்ல வேண்டும். உங்களிலும் பலர் பகுதி நேர ஆசிரியர்களாக, பெற்றோர் ஆசிரியர் கழகம் வழியாகப் பள்ளியில் சேர்ந்தவர்களாக, அங்கன்வாடிப் பணியாளர்களாக இருக்கிறீர்கள். அதனால் பதிலை இங்கேயே எழுதுகிறேன்.

முதல் தவறு 1980இல்.

பி.எட். முடித்து வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டுக் காத்திருந்த காலம். 1978 அக்டோபர் 2ஆம் தேதி மத்திய அரசு தேசிய வயது வந்தோர் கல்வித் திட்டத்தைத் தொடங்கியிருந்தது. 15 முதல் 35 வயது வரை உள்ள எழுத்தறியாதவர்களுக்கு எழுத்தும் கணக்கும் சொல்லித் தர வேண்டும். எங்கள் ஊரில் அதை ராத்திரிப் பள்ளிக்கூடம் என்றுதான் சொல்வார்கள். பாடம் நடத்துகிறவருக்கு மாதம் 50 ரூபாய் மதிப்பூதியம். மாரியம்மன் கோயில் திண்ணையில் அரிக்கேன் விளக்கை வைத்துக்கொண்டு உட்காருவேன். நடவு முடித்து வந்த பெண்கள், சேறு போகாத நகத்தோடு சிலேட்டில் ‘அ’ போட்டுப் பழகுவார்கள்.

நாலு மாதம் பணம் வரவில்லை. விளக்குக்கு வாங்கிய மண்ணெண்ணெய்க் கடன் மளிகைக் கடை நோட்டில் ஏறிக்கொண்டே போனது. ஒருநாள் பார்வையிட வந்த மேற்பார்வையாளரிடம் தயங்கித் தயங்கிக் கேட்டேன். நல்ல மனிதர்தான் அவர். தோளில் தட்டிச் சொன்னார்: “தம்பி, இது சம்பளம் இல்லப்பா, மதிப்பூதியம். குடுத்தா வாங்கிக்கணும். நாமளா கேட்டா நம்ம மரியாதைதான் குறையும்.”

எனக்கு வெட்கமாகிவிட்டது. அதன் பிறகு கேட்கவே இல்லை. அம்மா வீட்டில் இருந்த பித்தளை அண்டாவை விற்று மளிகைக் கடனை அடைத்தார்கள். அந்த 200 ரூபாய் இன்றுவரை வரவில்லை. அண்டாவும்தான்.

பல வருடம் கழித்து, ரோமானியர்களின் சட்டத்தைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தபோது ஓர் இடத்தில் தூக்கிவாரிப் போட்டது. எங்கள் மேற்பார்வையாளர் சொன்ன வாக்கியம் அங்கே இருந்தது!

அல்பியன் என்ற ரோமானியச் சட்ட அறிஞர் கி.பி. 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதியது அது. 533இல் பேரரசர் ஜஸ்டினியன் வெளியிட்ட சட்டத் தொகுப்பில் இடம்பெற்று நமக்குக் கிடைத்திருக்கிறது. யார் யார் தங்களுக்கு வர வேண்டிய தொகைக்காக மாகாண ஆளுநரிடம் முறையிடலாம் என்று அதில் பட்டியல் போடுகிறார். பேச்சுக்கலை, இலக்கணம், வடிவியல் சொல்லித் தருபவர்கள் முறையிடலாம். தத்துவ ஆசிரியர் முறையிடக் கூடாது. பணத்தைத் துச்சமாக நினைப்பதாகச் சொல்வதுதானே அவர் தொழிலின் முதல் அடையாளம் என்கிறார். சட்டம் கற்பிப்பவரும் முறையிடக் கூடாது. அந்த அறிவு புனிதமானது, அதைக் காசால் எடை போடலாகாது என்று காரணம் சொல்கிறார். அதோடு ஒரு வரி சேர்க்கிறார். சிலவற்றைக் கௌரவமாக வாங்கிக்கொள்ளலாம், ஆனால் அதையே கேட்டுப் பெறுவது கௌரவம் ஆகாது என்பது அதன் பொருள்.

அதே பட்டியலில் குழந்தைகளுக்கு எழுத்துச் சொல்லித் தரும் வாத்தியாரும் வருகிறார். அவரைப் பேராசிரியர் வரிசையில் சேர்ப்பதில்லை. ஆனாலும் அவருடைய முறையீட்டை ஆளுநர்கள் விசாரிக்கும் வழக்கம் வந்துவிட்டது என்று எழுதுகிறார். வேடிக்கையைப் பாருங்கள். மரியாதை குறைந்தவர் வழக்குப் போட்டுக் கூலி வாங்கலாம். மரியாதை மிகுந்தவர் வாயைத் திறக்கக் கூடாது. மாலை போட்டுக் கையைக் கட்டிவிட்டார்கள்!

நாம் மதிப்பூதியம் என்று சொல்கிற ‘ஹானரேரியம்’ என்ற சொல்லும் லத்தீனிலிருந்து வந்ததுதான். ‘ஹானர்’ என்ற மரியாதை அதற்குள்ளேயே இருக்கிறது. தமிழில் ‘மதிப்பு’ என்றும் ‘கௌரவ’ என்றும் அதை அப்படியே கொண்டுவந்துவிட்டோம்.

இப்படிச் சட்டம் இருந்தபோது ஓர் ஆசிரியர் என்ன செய்தார் என்பதையும் சொல்ல வேண்டும். எகிப்தில் ஆக்சிரிங்கஸ் என்று ஒரு நகரம். அதன் பழைய குப்பைமேடுகளை 1896 முதல் தோண்டியபோது பாப்பிரஸ் தாள்கள் ஆயிரக்கணக்கில் கிடைத்தன. அவற்றில் லொல்லியானஸ் என்பவரின் மனு ஒன்று இருக்கிறது. நகர சபை நியமித்த பொது இலக்கண ஆசிரியர் அவர். வலேரியனும் காலியேனஸும் சேர்ந்து ஆண்ட 253 முதல் 260 வரையிலான காலத்தில், பேரரசர்களுக்கே நேரடியாக எழுதியிருக்கிறார்.

அவர் குறை என்ன தெரியுமா? சம்பளம் எப்போதாவதுதான் வருகிறது. வந்தாலும் காசாக வருவதில்லை. புளித்த திராட்சை மதுவும் புழுத்த தானியமுமாக வருகிறது. ஆகவே நகரத்து மதிலுக்கு உள்ளே இருக்கும் ஒரு பழத்தோட்டத்தை எனக்கு ஒதுக்குங்கள், அதன் வருமானத்தில் பிழைத்துக்கொண்டு பிள்ளைகளுக்கு நேரம் ஒதுக்கிப் பாடம் சொல்வேன் என்று கேட்கிறார். அரண்மனையில் செல்வாக்குள்ள ஒரு நண்பருக்கும், இந்த மனுவைக் கொஞ்சம் கவனியுங்கள் என்று தனியாகக் கடிதம் எழுதியிருக்கிறார். நம் ஊரில் செக்ஷன் கிளார்க்கைத் தெரிந்த ஆளைப் பிடிக்கிறோமே, அதேதான்.

தோட்டம் கேட்டது புத்திசாலித்தனம். பணத்தை ஒருவர் நிறுத்தி வைக்கலாம். மரம் காய்ப்பதை எந்த அலுவலகமும் நிறுத்த முடியாது. நம் சோழர்களுக்கும் இது தெரிந்திருந்தது. விழுப்புரம் மாவட்டம் எண்ணாயிரத்துக்கு உங்களில் சிலரைச் சுற்றுலா அழைத்துப் போனேன், நினைவிருக்கிறதா? அங்கே முதலாம் ராஜேந்திரன் காலத்துக் கல்வெட்டு 340 மாணவர்களும் 14 ஆசிரியர்களும் இருந்த ஒரு கல்லூரியைச் சொல்கிறது. ஆசிரியருக்கு நெல்லும் பொன்னும் இவ்வளவு என்று அளந்து, அதற்கு 45 வேலி நிலம் விட்டு, கல்லில் வெட்டி வைத்தார்கள். அது வேதக் கல்லூரி, எல்லாரும் உள்ளே போய்ப் படித்துவிட முடியாது என்பதும் உண்மைதான். ஆனால் ஊதியத்தை யாருடைய தயவுக்கும் விடாமல் கல்லில் எழுதிய அந்தக் கவனத்தைப் பாராட்டத்தான் வேண்டும்.

கேட்கக் கூடாத கௌரவத் தொகை என்ற எண்ணம் இங்கிலாந்துக்கும் போனது. பாரிஸ்டருக்குத் தரும் தொகை மதிப்பூதியம்தான், அதற்காக அவர் கட்சிக்காரர் மீது வழக்குப் போட முடியாது என்று 1863இல் அங்கே ஒரு நீதிமன்றம் திட்டவட்டமாகச் சொன்னது. நம் அரசாங்கத்துக்குள் இந்தச் சொல் எப்படி நுழைந்தது என்றால், 1922இல் நடைமுறைக்கு வந்த அடிப்படை விதிகள் வழியாக. அதில் மதிப்பூதியத்துக்கு விளக்கம் இருக்கிறது. அரசு ஊழியர் எப்போதாவது செய்யும் தனிப்பட்ட வேலைக்குத் தரும் தொகை என்பது அதன் சாரம். அதாவது ஏற்கெனவே சம்பளம் வாங்குகிறவருக்கு, மேல்வேலைக்காகத் தருவது.

இங்கேதான் விஷயமே இருக்கிறது. பிற்காலத்தில் திட்டங்கள் வந்தபோது, வேறு சம்பளமே இல்லாதவருக்கு, தினமும் செய்யும் வேலைக்கு, அதே சொல்லைச் சூட்டினார்கள். ராத்திரிப் பள்ளிக்கூட வாத்தியாருக்கும் மதிப்பூதியம். 1975இல் தொடங்கிய ஒருங்கிணைந்த குழந்தை வளர்ச்சித் திட்டத்தின் அங்கன்வாடிப் பணியாளருக்கும் மதிப்பூதியம். சத்துணவு சமைப்பவருக்கும் பல மாநிலங்களில் அதே. சம்பளம் என்று பெயர் வைத்தால் விகிதம், பஞ்சப்படி, விடுப்பு, பணிக்கொடை எல்லாம் வரிசையாக வந்து நிற்கும். மதிப்பு என்று சொல்லிவிட்டால் ஒன்றும் வராது.

நான் வெட்கப்பட்டு விட்டுவிட்ட அதே மாதிரி வேலையைச் செய்த ஹரியானாக்காரர்கள் வெட்கப்படவில்லை. முதியோர் கல்வி, முறைசாராக் கல்வித் திட்டத்தில் இருந்த மேற்பார்வையாளர்கள் உச்ச நீதிமன்றம் போனார்கள். ஆறு மாதத்துக்கு ஒரு நியமனம், நடுவில் ஒருநாள் இடைவெளி, மறுபடி நியமனம். மாதம் 500 ரூபாய் நிலையான தொகை. அதே வேலையைச் செய்த நிரந்தர மேற்பார்வையாளருக்கு முழு ஊதிய விகிதம். இது தற்காலிகத் திட்டம், தேர்வு முறையே வேறு என்றது அரசு. எப்படித் தேர்ந்தெடுத்தீர்கள் என்பது முக்கியமில்லை, வேலை ஒன்று என்றால் ஊதியமும் ஒன்றுதான் என்று 1987இல் தீர்ப்பு வந்தது. செயற்கையான அந்த ஒருநாள் இடைவெளியையும் கணக்கில் எடுக்கக் கூடாது என்றார்கள்.

அடுத்த ஆண்டு, 1988இல், அதே திட்டத்தின் பயிற்றுநர்களும் வென்றார்கள். அவர்கள் மாதம் 200 ரூபாய் வாங்கிக்கொண்டிருந்தவர்கள். அதாவது, என்னைப் போல விளக்கு வைத்துக்கொண்டு உட்கார்ந்தவர்கள்! சம வேலைக்குச் சம ஊதியம் என்ற அரசியலமைப்பின் 39ஆம் பிரிவும், சமத்துவம் சொல்லும் 14ஆம் பிரிவும் அவர்கள் பக்கம் நின்றன. செய்தியைப் படித்த அன்று, அம்மாவிடம் சொல்லலாமா என்று யோசித்தேன். அண்டாவை நினைத்துச் சொல்லாமல் விட்டுவிட்டேன்.

அவ்வளவு தெரிந்தும் இரண்டாவது தவறைச் செய்தேன். இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

நான் தலைமையாசிரியராக இருந்த பள்ளியில் கணக்கு ஆசிரியர் பணியிடம் காலி. பெற்றோர் ஆசிரியர் கழகத்தின் மூலம் ஓர் அம்மாவை அமர்த்தியிருந்தோம். எட்டாம் வகுப்பு முழுவதையும் தூக்கி நிறுத்தியவர். மூன்று மாதம் அவருக்குப் பணம் தர முடியவில்லை. ஒருநாள் மாலை என் அறைக்கு வந்து, “சார், பையனுக்கு ஃபீஸ் கட்டணும், ஏதாவது வருமா சார்?” என்று கேட்டார். நான் சொன்னேன்: “பொறுத்துக்கோங்கம்மா. இதைச் சேவைன்னு நினைச்சுக்கோங்க. காசுக்காகவா நாம இந்த வேலைக்கு வந்தோம்?”

அவர் தலையாட்டிவிட்டுப் போனார். அடுத்த வாரத்திலிருந்து வரவில்லை. 1980இல் என் தோளில் தட்டிய அதே கை, இப்போது என் கையாக இருந்தது. மாதம் பிறந்தால் சம்பளம் வங்கியில் விழுகிற ஒருவன், சம்பளமே இல்லாத ஒருவருக்குச் சேவையைப் பற்றிப் பாடம் எடுத்தேன். அந்த அம்மா இதைப் படிக்க நேர்ந்தால், என்னை மன்னிக்க வேண்டும்.

நான் வாயடைத்த காலத்தில் நீதிமன்றங்கள் வேறு பக்கம் போய்க்கொண்டிருந்தன. 2006இல் உமாதேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, தற்காலிகமாகச் சேர்ந்தவர் பணி நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்றது. பலர் அத்தோடு எல்லாம் முடிந்தது என்று நினைத்தார்கள். முடியவில்லை. 2016 அக்டோபர் 26ஆம் தேதி ஜக்ஜித் சிங் வழக்கில் நீதிபதி கெஹர், நீதிபதி பாப்டே அமர்வு, நிரந்தரம் வேறு, ஊதியம் வேறு என்று பிரித்துக் காட்டியது. அதே வேலையைச் செய்யும் தற்காலிகப் பணியாளருக்கு, நிரந்தரப் பணியாளரின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்சமாவது தர வேண்டும் என்றது. குறைந்த கூலிக்கு யாரும் விரும்பி வருவதில்லை, பிள்ளைகுட்டிகளின் வயிற்றுக்காகத் தன்மானத்தை விட்டு வருகிறார்கள் என்ற கருத்தும் அந்தத் தீர்ப்பில் இருக்கிறது.

2020 டிசம்பரில் அலகாபாத் உயர் நீதிமன்றம், பள்ளியில் சமைக்கும் பெண்ணுக்கு மாதம் 1,000 ரூபாய் தருவது அரசியலமைப்பின் 23ஆம் பிரிவு தடை செய்யும் கட்டாய உழைப்பு என்றது.

2022 ஏப்ரல் 25ஆம் தேதி வந்த தீர்ப்பு எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. குஜராத் அங்கன்வாடிப் பணியாளர்கள் பணிக்கொடை கேட்ட வழக்கு. பணியாளருக்கு மாதம் 7,800 ரூபாய், உதவியாளருக்கு 3,950. அரசுத் தரப்பு வாதம் உங்களுக்கே இப்போது மனப்பாடம் ஆகியிருக்கும்: இது மதிப்பூதியம், ஊதியம் அல்ல. நீதிபதி அஜய் ரஸ்தோகியும் நீதிபதி அபய் ஓகாவும் அதை ஏற்கவில்லை. 1972ஆம் ஆண்டின் பணிக்கொடைச் சட்டத்தில் ஊதியம் என்று சொல்வதற்குள் இந்த மதிப்பூதியமும் அடங்கும் என்றார்கள். குழந்தைகளுக்கு முன்பருவக் கல்வி தருகிற இடம் அது என்பதையும் கணக்கில் எடுத்தார்கள். அல்பியன் காலத்திலிருந்து சுற்றிக்கொண்டிருந்த சொல்லுக்கு, இந்த நாட்டில் ஒரு பூட்டுத் திறந்தது அன்றைக்குத்தான் என்பேன்.

நம் மாநிலத்துக்கு வருவோம். 2012இல் ஓவியம், உடற்கல்வி, கணினி போன்ற பாடங்களுக்கு 16,549 பகுதி நேர ஆசிரியர்கள் மாதம் 5,000 ரூபாய்க்கு எடுக்கப்பட்டார்கள். அது படிப்படியாக ஏறி 2024இல் 12,500 ஆனது. பல ஆண்டுகள் மே மாதத்துக்குப் பணம் கிடையாது. மே மாதத்தில் பசிக்காது என்று நினைத்தார்கள் போலிருக்கிறது! கல்லூரிகளுக்கு, கௌரவ விரிவுரையாளர்களுக்கு ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய், மாதம் அதிகபட்சம் 50,000 ரூபாய் என்று பல்கலைக்கழக மானியக் குழு 2019 ஜனவரியில் வரையறுத்தது. வரையறைக்கும் கைக்கு வருவதற்கும் உள்ள தூரம் உங்களுக்குத் தெரியும்.

இனி, போன் செய்த தம்பிக்கு என் பதில்.

தம்பி, முதலில் உன் வழக்கு எந்த வகை என்று பார். தொகையை உயர்த்திக் கேட்பது ஒன்று. ஒப்புக்கொண்ட தொகை வராததைக் கேட்பது இன்னொன்று. முதலாவதில் வேலையும் பொறுப்பும் சமம் என்று நிரூபிக்க வேண்டும், நாள் பிடிக்கும். உன்னுடையது இரண்டாவது. நீ வேலையைச் செய்து முடித்துவிட்டாய். கொரோனா நேரத்தில் ஆந்திர அரசு ஊழியர் சம்பளத்தில் ஒரு பகுதியைத் தள்ளிப் போட்டது. 2021இல் உச்ச நீதிமன்றம், செய்த வேலைக்கான ஊதியம் உரிமை, தள்ளிப் போட்டதற்கு 6 சதவீத வட்டியும் கொடு என்றது. நிதி வரவில்லை என்பது அலுவலகத்தின் கஷ்டம். உன் கடன் தள்ளுபடியாகிவிட அது காரணம் ஆகாது.

இரண்டாவது, முதலில் காகிதம். வாயால் கேட்பதை நிறுத்து. நியமன ஆணை நகல், வருகைப் பதிவேட்டின் நகல், வங்கிப் பாஸ்புக் பக்கம் எல்லாம் சேர். எந்தெந்த மாதம், எவ்வளவு பாக்கி என்று தெளிவாக ஒரு கோரிக்கை மனு எழுதி, ஒப்புகை கிடைக்கும்படி தபாலில் அனுப்பு. பதில் இல்லையென்றால் 226ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். இத்தனை வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து ஆணையிடு என்பதுதான் பெரும்பாலும் முதலில் கிடைக்கும். அது சின்ன விஷயம் இல்லை. அதையும் மதிக்கவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு இருக்கிறது. அதற்கு ஓராண்டுக் கெடு உண்டு, மறக்காதே. நான் வரலாற்று வாத்தியார்தான். இதில் எது உனக்குப் பொருந்தும் என்பதை ஒரு வழக்கறிஞரிடம் காட்டிக் கேட்டுக்கொள்.

மூன்றாவது, தள்ளிப்போடாதே. 2025 ஆகஸ்ட் 22ஆம் தேதி குஜராத்தின் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்கள் உச்ச நீதிமன்றத்தில் வென்றார்கள். மாதம் 30,000 ரூபாய்க்கு ஆண்டுக்கணக்கில் பாடம் நடத்தியவர்கள். உதவிப் பேராசிரியர் ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சமும், பாக்கிக்கு 8 சதவீத வட்டியும் கிடைத்தது. ஆனால் பாக்கி, அவர்கள் மனுப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கு மட்டும்தான். அதற்கு முன்னால் பொறுத்துக்கொண்ட வருடங்கள் போனது போனதுதான். பொறுமைக்கு வட்டி இல்லை தம்பி.

தனியாகப் போகப் பயமாக இருந்தால், கூட இருப்பவர்களோடு சேர்ந்து போ. ஹரியானாவிலும் குஜராத்திலும் அப்படித்தான் போனார்கள்.

கடைசியாக, நல்லாவா இருக்கும் என்று கேட்டாயே. ஆக்சிரிங்கஸ் குப்பைமேட்டில் கிடைத்த அந்தத் தாளை நினைத்துக்கொள். லொல்லியானஸுக்குச் சம்பளம் தராத நகர சபைக்காரர்கள் பெயர் நமக்கு மரியாதைக்குரியதாக நிற்கவில்லை. புழுத்த தானியம் போதாது, ஒழுங்காகக் கொடுத்தால் ஒழுங்காகப் பாடம் சொல்வேன் என்று எழுதிய வாத்தியார்தான் 1,750 வருடம் கழித்தும் என் வகுப்பில் வந்து நிற்கிறார்.

போ. மனுவை எழுது. எழுதியதும் எனக்கு ஒரு நகல் அனுப்பு, எழுத்துப்பிழை பார்த்துத் தருகிறேன். பத்தாம் வகுப்பில் உனக்கு ‘ல’வும் ‘ள’வும் எப்போதும் தகராறு.

இதே நிலையில் இருக்கும் மற்றவர்களும் கீழே எழுதுங்கள். வெட்கப்பட வேண்டாம். நான் பட்டது போதும்.

எல்லாரும் நலமாக இருங்கள்.